கெடு தாண்டிய அப்பீல் நம்பர் ஆனது எப்படி

பாகப்பிரிவினை வழக்கில் தீர்ப்பு வந்த நேரம் அப்பா மருத்துவமனையில். மாவட்ட நீதிமன்றத்தில் அப்பீலுக்கு 30 நாள் கெடு; தாண்டிவிட்டது. வக்கீல் முதலில் தீர்ப்பு நகலின் முத்திரையில் உள்ள, நகல் கேட்ட தேதியையும் அது தயாரான தேதியையும்தான் பார்த்தார். நகலுக்குக் காத்திருந்த நாள்களை 1963 காலவரையறைச் சட்டத்தின் 12ஆம் பிரிவு கழித்துவிடுகிறது. தாமதம் நன்றாகவே சுருங்கியது.

மீதிக்கு 5ஆம் பிரிவில் தாமத மன்னிப்பு மனு. ‘உடல்நலக் குறைவு’ என்று மொட்டையாக எழுதாமல், அட்மிஷன் முதல் டிஸ்சார்ஜ் வரை தேதிவாரியாகப் பிரமாணப் பத்திரத்தில் சொல்லி, டிஸ்சார்ஜ் சம்மரியையும் இணைத்தோம். தாமதத்தைத் தாராளமாகப் பார்க்கச் சொன்ன உச்ச நீதிமன்றத்தின் 1987 காதிஜி தீர்ப்புதான் எங்கள் பிடி. (அதற்காகக் காரணமே சொல்லாமல் போனால் நடக்காது, அரசுத் துறைகளே குட்டு வாங்கியிருக்கின்றன.)

எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்லி மனுவை அனுமதித்தார்கள். கட்டினோம். அப்புறம் அப்பீல் நம்பர் ஆனது, அதாவது எண் கொடுத்து விசாரணைக்குக் கோப்பில் எடுத்துக்கொண்டார்கள்.