படம் போட்டா எல்லாருக்கும் புரிஞ்சிடுமா? சிம்பல் டிசைன்ல நடக்குற தப்புங்க

எழுத்து இல்லேன்னா யாருக்கும் புரிஞ்சிடும்னு நினைக்கிறதுதான் முதல் தப்பு. கதிர்வீச்சுக்குப் போடுற மூணு இதழ் சின்னம் 1946ல அமெரிக்காவோட பெர்க்லில வரைஞ்சது, உலகம் பூரா ஒட்டியிருக்காங்க, ஆனா யாரும் சொல்லித் தரலேன்னா அது ஏதோ ஃபேன்னுதான் தோணும். அதான் 2007ல சர்வதேச அணுசக்தி முகமையும், உலக அளவுல தரம் வகுக்குற ஐஎஸ்ஓவும் மண்டை ஓடு, ஓடுற ஆள் எல்லாம் சேர்த்து கூடுதலா ஒரு சின்னம் கொண்டுவந்தாங்க, அதையும் 11 நாட்டுல ஜனங்ககிட்ட காட்டிப் பாத்துட்டுதான்.

அடுத்தது நம்ம ஈசிஆர் கஃபேங்க. பாத்ரூம் கதவுல ஒண்ணுல மீசை, இன்னொண்ணுல பொட்டு, சில இடத்துல சேவலும் கோழியும், அவசரமா வர்றவன் நின்னு விடுகதை அவிழ்க்கணுமா? லேடீஸ் பாத்ரூம்னு காட்டுற கவுன் போட்ட உருவம் நம்ம ஊருக்கு ஒட்டல, புடவை கட்டி விடலாமேன்னும் கேப்பாங்க. நியாயம்தான், ஆனா சென்ட்ரல்ல இறங்குற பீகார்காரருக்கும் மீனம்பாக்கத்துல இறங்குற ஜப்பான்காரருக்கும் கண்ணுக்குப் பழகினது அந்த பழைய உருவம்தான். பழகினதுல கை வைக்காதீங்க.

கலரை மட்டும் நம்பாதீங்க. பாக்கெட்ல வெஜ், நான்வெஜ் ரெண்டுக்குமே வட்டப் புள்ளிதான் இருந்துச்சு, பச்சை, பிரவுன்னு கலர் மட்டும்தான் வேற, அந்த கலரு பிரிச்சுப் பாக்க முடியாதவங்க என்ன பண்ணுவாங்க? அதான் நான்வெஜ்ஜுக்கு நம்ம நாட்டு உணவுப் பாதுகாப்பு ஆணையமான எஃப்எஸ்எஸ்ஏஐ முக்கோணமா மாத்திடுச்சு.

கிளினிக்னு காட்ட வெள்ளைல சிவப்பு பிளஸ் போடாதீங்க. அது செஞ்சிலுவைச் சங்கத்தோடது, 1960 ஜெனீவா ஒப்பந்தச் சட்டப்படி அனுமதி இல்லாம யூஸ் பண்றது குற்றம். (நம்ம ஊர்ல பாதி டாக்டர் கார்ல இருக்கு, அது வேற கதை.)

இருக்கறதுலயே பெரிய தப்பு டெஸ்ட் பண்ற விதத்துல. ஆட்டோ ஸ்டாண்ட்ல போயி "அண்ணே, இது புரியுதா?"ன்னு கேட்டா மரியாதைக்காவது "புரியுது தம்பி"ன்னுடுவாரு. "இதப் பாத்தா என்ன பண்ணுவீங்க?"ன்னு கேளுங்க, அப்பதான் தலைகீழா புரிஞ்சவங்க மாட்டுவாங்க. கர்ப்பமா இருக்கறவங்க சாப்பிடக் கூடாதுன்னு சொல்ல, ஒரு முகப்பரு மருந்துல கர்ப்பிணி உருவத்து மேல குறுக்குக் கோடு போட்டிருந்தாங்க, அதையே கர்ப்பத்தடை மாத்திரைன்னு எடுத்துக்கிட்டவங்க உண்டு. அமெரிக்காவுல தரம் வகுக்குற ஏஎன்எஸ்ஐ அமைப்போட விதிப்படி டெஸ்ட்ல 85% பேர் சரியா சொன்னா மட்டும் பத்தாது, இப்படி ஆபத்தா புரிஞ்சுக்கறவங்க 5%க்கு மேல போகவும் கூடாது.