பந்தி இல்லாத கல்யாண வரவேற்பு: ஸ்டார்ட்டரிலேயே வயிறு நிரப்புவது எப்படி?

தங்கையின் கல்யாண வரவேற்பில் பந்தி வேண்டாம், நின்று பேசிக்கொண்டே சாப்பிடுகிற மாதிரி ஸ்டார்ட்டர்களே போதும் என்று பிடிவாதமாகச் சொன்னது நான்தான். நிகழ்ச்சி தொடங்கி நாற்பதாவது நிமிடம் சித்தப்பா என்னைத் தனியாக அழைத்து, "சாப்பாடு எப்பப்பா போடுவீங்க?" என்று கேட்டார். அப்போது சமையலறையில் மிச்சம் இருந்தவை வெள்ளரித் துண்டுகள் மட்டும்.

அதற்குப் பிறகு நண்பர்களுக்காக இரண்டு வரவேற்புகளில் இதே வேலையை எடுத்துச் செய்தேன். யாரும் சித்தப்பாவின் கேள்வியைக் கேட்கவில்லை. நடுவில் எதை மாற்றினேன் என்பதுதான் இந்தப் பதிவு. இடம் பிடிப்பது, கேட்டரிங்காரரிடம் பேசுவது எல்லாம் உங்களுக்கே தெரியும், விட்டுவிடுகிறேன்.

ஆரம்பிக்கும் முன் ஒன்று. செலவு குறையும் என்று நினைத்து இதில் இறங்காதீர்கள். ஒவ்வொரு துண்டையும் யாரோ ஒருவர் கையால் நிரப்பி, குச்சியில் கோத்து, அடுக்க வேண்டும். பொருளில் மிச்சம் பிடித்ததை ஆள்கூலி தின்றுவிடும். வந்தவர்கள் ஒரே மேசையில் மாட்டிக்கொள்ளாமல் நாலு பேரிடம் பழக வேண்டும் என்று ஆசைப்பட்டால் மட்டும் செய்யுங்கள்.

படி 1: அழைப்பிதழில் சொல்லிவிடுங்கள்

"உட்கார்ந்து சாப்பிடும் விருந்து இல்லை, வயிறு நிறையும் அளவுக்குச் சிற்றுண்டிகள் உண்டு" என்று ஒரு வரி போதும். சொல்லாவிட்டால் விருந்தை நினைத்து மதியச் சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டு வந்து நிற்பார்கள். அதே காரணத்துக்காக, முடிகிற நேரத்தையும் அச்சடியுங்கள்.

படி 2: எண்ணிக்கை

நான் விழுந்த பள்ளம் இது. சாப்பாட்டுக்கு முன்னால் கொறிக்க மட்டும் என்றால் ஆளுக்கு 4 முதல் 6 துண்டு போதும். சாப்பாட்டுக்குப் பதிலாக என்றால் 12 முதல் 15 வேண்டும். இது எனக்கு அப்போதே தெரியும். 120 பேர், ஆளுக்கு 12, மொத்தம் 1440. பன்னிரண்டு வகை, வகைக்கு 120. கணக்கு அழகாக வந்தது, ஆளுக்கு வகைக்கு ஒன்று!

அப்படி யாராவது சாப்பிடுவார்களா? பிடித்ததை மூன்று எடுப்பார்கள், பிடிக்காததைத் தொடவே மாட்டார்கள். குச்சியில் கோத்த கோழி பத்து நிமிடத்தில் காலி. கடைசிவரை நின்றது வெள்ளரி. மொத்தக் கணக்கில் பெரிய தவறில்லை, பங்கு போட்டதில்தான் தவறு.

இப்போது நான் போடும் கணக்கு இது. மூன்று மணி நேர நிகழ்ச்சிக்கு முதல் மணி நேரத்தில் ஆளுக்கு 6, அடுத்ததில் 4, கடைசியில் 3. அதே 120 பேருக்கு 720, 480, 360, மொத்தம் 1560. வகை ஏழுக்கு மேல் போகக் கூடாது. அதில் நான்கு கனமானவை: சின்ன பன்னுக்குள் வைத்த இறைச்சி, கோழிக் குச்சி, சீஸ் போட்டுச் சுட்ட உருளைக்கிழங்கு, காளான் நிரப்பிய பேஸ்ட்ரி. ஒவ்வொன்றிலும் 240. மீதி மூன்று லேசானவை: டிப்போடு காய்கறி, சீஸும் திராட்சையும், பழம். ஒவ்வொன்றிலும் 200.

கனமான நான்கில் இரண்டு சைவம் என்பதைக் கவனியுங்கள். வந்தவர்களில் கால்வாசிப் பேர்தான் சைவம் என்று கால்வாசி மட்டும் சைவமாகச் செய்தால் அவர்கள் பட்டினிதான். அசைவக்காரர்களும் உருளைக்கிழங்கை விடமாட்டார்கள்.

முக்கியமாக, இரண்டாம் மணிக்கும் மூன்றாம் மணிக்கும் உரியதைத் தனித்தனியாக மூடி, மேலே நேரம் எழுதி ஒட்டிவிடுங்கள். அந்த நேரம் வரும்வரை யார் கேட்டாலும் திறக்கக் கூடாது. பந்திக்கு முந்து என்று சும்மாவா சொன்னார்கள்? இங்கே எல்லோருமே முந்துவார்கள்.

படி 3: ஓவன் எவ்வளவு தாங்கும்?

வீட்டு அளவு ஓவனில் ஒரே சமயத்தில் இரண்டு தட்டு, தட்டுக்கு 24 துண்டு. ஏற்றி இறக்கும் நேரத்தோடு ஒரு சுற்றுக்கு 15 நிமிடம் ஆகும். அதாவது மணிக்கு 192. முதல் மணிக்குத் தேவையோ 720. பெரிய ஓவன் உள்ள மண்டபம் என்றாலும் இந்தக் கணக்கை ஒருமுறை போட்டுப் பாருங்கள். நான் 190 ஓவனிலிருந்து, 250 முன்பே செய்து சூடாக வைத்தவை, 280 குளிர்ந்தவை என்று பிரித்துக்கொள்கிறேன். எல்லாமே சுடச்சுட வேண்டும் என்று ஆசைப்பட்டால் ட்ரே வெளியே வராது.

மொறுமொறுப்பாக வறுத்தவற்றை நான் பட்டியலிலேயே சேர்ப்பதில்லை. மூடி போட்டு வைத்தால் அதன் ஆவியிலேயே ஊறிப்போகும்.

படி 4: ட்ரே எங்கிருந்து புறப்படுகிறது?

சமையலறைக் கதவுக்குப் பக்கத்தில் நின்றவர்கள் அன்று நன்றாகச் சாப்பிட்டார்கள். தூரத்து மூலையில் இருந்த பெரியவர்களுக்கு வெறும் ட்ரேதான் போனது. இப்போது பரிமாறுபவர்களிடம் நான் சொல்வது ஒன்றுதான்: கடைசி மூலைக்கு நேராகப் போய், அங்கிருந்து கொடுத்துக்கொண்டே திரும்பி வாருங்கள். 25 பேருக்கு ஒருவர் இருந்தால் சமாளிக்கலாம். கனமானவை ட்ரேயில் சுற்றட்டும், லேசானவை மேசையில் இருக்கட்டும். மேசையை ஒன்றாகப் போடாமல் எதிரெதிர் மூலைகளில் இரண்டாகப் போட்டால் வரிசை நீளாது.

நின்றே சாப்பிடலாம் என்றாலும் மூன்றில் இரண்டு பங்குப் பேருக்காவது நாற்காலி வேண்டும். பெரியவர்களுக்குத் தட்டை நிரப்பிக் கையில் கொண்டுபோய்க் கொடுங்கள். "வேணும்கிறதை எடுத்துக்கோங்க" என்று சொல்லிவிட்டு நகராதீர்கள்.

படி 5: சூடும் குளிரும்

சூடானது 60 டிகிரி செல்சியஸுக்குக் கீழே இறங்கக் கூடாது, குளிர்ந்தது 4 டிகிரிக்கு மேலே ஏறக் கூடாது. இடைப்பட்ட சூட்டில் கிருமிகள் வேகமாகப் பெருகும். அதனால் இறைச்சி, முட்டை, பால் சேர்ந்தவை வெளியே இரண்டு மணி நேரம்தான் இருக்கலாம். வெயில் 32 டிகிரிக்கு மேல் என்றால் ஒரு மணி நேரம்தான். சேஃபிங் டிஷ் (அடியில் சின்னச் சுடர் வைத்து உணவைச் சூடாகவே வைத்திருக்கும் மூடிப் பாத்திரம்) சூட்டைத் தக்கவைக்கும், ஆறியதைச் சூடாக்காது. ஓவனிலோ அடுப்பிலோ 74 டிகிரிக்குச் சூடாக்கிய பிறகே அதில் வையுங்கள். பழைய ட்ரேயின் மீது புதியதைக் கொட்டாதீர்கள், ட்ரேயையே மாற்றுங்கள். குத்திப் பார்க்கும் தெர்மாமீட்டர் ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள். கையால் தொட்டுப் பார்ப்பதெல்லாம் கணக்கில் வராது.

சாமான்கள்

தட்டு 15 முதல் 18 சென்டிமீட்டர் அகலம் போதும், ஆளுக்கு இரண்டு. முதல் தட்டை எங்கேயோ வைத்துவிட்டுப் புதிதாகத்தான் எடுப்பார்கள். பேப்பர் நாப்கின் ஆளுக்கு நான்கு. குச்சி என்றால் பிடி தட்டையாக உள்ள மூங்கில் குச்சிதான் என் தேர்வு; உருண்டைக் குச்சியில் கோழி சுழன்று சட்டையில் விழும். சின்னக் கண்ணாடிக் குவளையில் சூப் கொடுக்கும் நாகரிகம் எனக்குப் பிடிக்காது. ஒரு கையில் பானம், ஒரு கையில் தட்டு, சூப்பை எந்தக் கையில் பிடிப்பது?

பின்சேர்க்கை 1: குச்சியை எங்கே போடுவது என்று இரண்டு பேர் கேட்டிருந்தார்கள். நியாயமான கேள்வி. எழுதும்போது மறந்துவிட்டேன். ஒவ்வொரு மேசையிலும் ஒரு சின்னக் கிண்ணம் வைத்து, முன்கூட்டியே அதில் இரண்டு குச்சிகளைப் போட்டுவையுங்கள். வெறும் கிண்ணமாக இருந்தால் அலங்காரம் என்று நினைத்துத் தொடமாட்டார்கள்.

பின்சேர்க்கை 2: ஒவ்வாமை பற்றி ஒரு வாசகி எழுதியிருந்தார். மேசையில் அட்டை எழுதி வைத்தால் மட்டும் போதாது, ட்ரேயில் அட்டை இருக்காதே. கொட்டை, பால், முட்டை, கோதுமை எதில் இருக்கிறது என்று ட்ரே தூக்குபவர் ஒவ்வொருவரின் சட்டைப்பையிலும் ஒரு துண்டுச்சீட்டு இருக்கட்டும்.

பின்சேர்க்கை 3: போட்டோ எடுத்து முடித்துத் திரும்பும் மணமக்களுக்கும் இரு வீட்டாருக்கும் எதுவும் மிஞ்சுவதில்லை என்பது பலருடைய புலம்பல். என் தங்கையும் அன்று வெள்ளரிதான் சாப்பிட்டாள். ஆளுக்கு 13 துண்டு வீதம் தனி டப்பாவில் எடுத்து, பெயர் எழுதி, ஃப்ரிட்ஜில் வையுங்கள். போட்டோகிராபருக்கும் ஒரு டப்பா.