சோற்றுச் சட்டியருகே உறுமும் நாயைப் பழக்கும் முறை

காவேரிப்பட்டணம் பக்கம் மாந்தோப்புக்குள் கொட்டாய் போட்டு வாழும் குடும்பங்களில் காவலுக்கு ஒரு நாயாவது இருக்கும். களி உருண்டையும் குழம்பில் மிஞ்சியதும்தான் பெரும்பாலும் அதற்கு உணவு. உண்ணும்போது நெருங்கினால் அது உறுமுவதைக் கண்டு, "சோறு போட்டவனையே கடிக்க வருகிறதே" என்று கோலை எடுப்பவர்களே எங்கள் பக்கம் மிகுதி. நானும் அப்படித்தான் இருந்தேன். பாதி உண்ணும்போதே சட்டியைப் பறித்துப் பறித்துக் கொடுத்தால் நாய் அடங்கிவிடும் என்று நம்பி, ஒரு மாதம் அவ்வாறே செய்தேன். அது முன்னிலும் வேகமாக விழுங்கத் தொடங்கியது. உறுமினால் அடி விழும் என்று கற்றுக்கொண்டதால், ஒரு நாள் உறுமாமலேயே என் கையைக் கவ்வியது. தவறு என்னுடையது. கை வரும்போதெல்லாம் சோறு போகிறது என்பதை அதற்குக் கற்பித்தவன் நானே.

உறுமல் என்பது "இன்னும் நெருங்காதே" என்று நாய் தரும் எச்சரிக்கை. அதை அடித்து அடக்கினால் அச்சம் நீங்காது, எச்சரிக்கை மட்டுமே நீங்கும். ஆகவே அச்சத்தை மாற்றுவதே நம் வேலை.

முதல் படி, பார்ப்பது. இரண்டு மூன்று நாள்கள் எட்ட நின்று கவனியுங்கள். உறுமலுக்கு முன்பே நாயின் உடல் பேசத் தொடங்கிவிடும்: மெல்லுவதை நிறுத்தி விறைத்து நிற்கும், அல்லது அவசரமாக விழுங்கும், தலையைத் தூக்காமல், கண்ணின் வெண்மை தெரிய ஓரமாகப் பார்க்கும், பிறகு உதட்டைச் சுருக்கிப் பல்லைக் காட்டும். எத்தனை அடி தொலைவில் நீங்கள் நிற்கும்போது இவற்றுள் ஒன்றும் தோன்றவில்லையோ, அந்த இடத்தைக் குறித்துக்கொள்ளுங்கள்.

இரண்டாம் படி, இடத்தை ஒழுங்குசெய்வது. ஆள் நடமாட்டமில்லாத மூலையில், கோழிகளும் மற்ற நாய்களும் அண்டாதவாறு உணவு வையுங்கள். மாங்காய் பறிப்புக் காலத்தில் வெளியாள்கள் வந்து போவதால், கதவோ படலோ உள்ள இடத்துக்குள் விட்டு உணவளிப்பது நல்லது. சங்கிலியில் கட்டப்பட்ட நாய்க்கு விலகிச் செல்ல வழியில்லாததால் அதன் சீற்றம் கூடவும் கூடும். குழந்தைகளை இந்தப் பயிற்சியில் ஒருபோதும் ஈடுபடுத்தாதீர்கள்.

மூன்றாம் படியே இதன் உயிர். சட்டியில் இருப்பதைவிட நாய்க்கு மிகவும் பிடித்த ஒன்றை, வேகவைத்த முட்டைத் துண்டையோ எலும்பில்லாத கோழிக்கறியையோ, எடுத்துக்கொள்ளுங்கள். குறித்த இடம் வரை இயல்பாக நடந்து சென்று, ஒரு துண்டைச் சட்டியருகே எறிந்துவிட்டு உடனே திரும்பிவிடுங்கள். ஒரு வேளை உணவுக்குள் நான்கைந்து முறை இதைச் செய்தால் போதும். விலகிச் செல்வது மறக்கக் கூடாதது. நீங்கள் பறிக்க வரவில்லை என்பதற்கு நாய் காணும் சான்று அதுதான். உங்கள் காலடி கேட்டதும் உடல் தளர்ந்து, வாலை இலகுவாக ஆட்டி, ஆவலோடு உங்களை நிமிர்ந்து பார்க்கும் நாள்கள் தொடர்ந்து வந்த பிறகே ஓரடி முன்னே செல்லுங்கள். மீண்டும் விறைத்தால் ஓரடி பின்வாங்குங்கள். அது தோல்வியன்று, நீங்கள் அவசரப்பட்டீர்கள் என்பதற்கான அறிகுறி. எங்கள் நாய்க்கு ஆறு வாரத்துக்கு மேல் ஆயிற்று.

சட்டிவரை சென்று துண்டைப் போட முடிந்த பிறகும் சட்டியைப் பறித்துச் சோதிக்காதீர்கள். எடுத்தே ஆக வேண்டுமானால், சில துண்டுகளைத் தள்ளி எறிந்து, நாய் அங்கே சென்ற பிறகு எடுங்கள். உங்களிடம் பழகிய நாய் வீட்டிலுள்ள மற்றவரிடமும் அவ்வாறே இருக்கும் என்று கருத வேண்டாம். ஒவ்வொரு பெரியவரும் தொலைவிலிருந்தே தொடங்க வேண்டும்.

இதுவரை அமைதியாக உண்ட நாய் திடீரென உறுமத் தொடங்கினால், பல், காது, வயிறு போன்றவற்றில் வலி இருக்கலாம். முதலில் கால்நடை மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள். ஏற்கெனவே இரத்தம் வரக் கடித்த நாயையும் கால்நடை மருத்துவரிடம் கேட்காமல் நீங்களாகப் பழக்கத் துணிய வேண்டாம். பல் பட்டுச் சிறு கீறல் விழுந்தாலும், சோப்புப் போட்டு ஓடும் நீரில் 15 நிமிடம் கழுவிவிட்டு, அன்றே அரசு மருத்துவமனைக்குச் சென்று வெறிநாய்க்கடித் தடுப்பூசி பற்றிக் கேளுங்கள். காயத்தில் மஞ்சளோ சுண்ணாம்போ வைக்கக் கூடாது.