கெபாசிட்டர் மாற்றும்போது வோல்ட் எண்ணுக்குப் பக்கத்தில் என்ன இருக்கிறது என்று பாருங்கள்

மோட்டார் உம்மென்று முனகுகிறது, கையால் தள்ளிவிட்டால் சுற்றுகிறது என்றால் சந்தேகம் முதலில் கெபாசிட்டர் மேல்தான் விழும். பழையதில் உள்ள எம்எஃப்டி எண்ணைப் பார்த்து அதே எண்ணில் ஒன்று வாங்கிப் போட்டால் முடிந்தது என்பார்கள். பாதிதான் முடிந்திருக்கும்.

படி 1. மின்சாரத்தைத் துண்டித்தபின் சார்ஜை இறக்குங்கள். ஸ்க்ரூடிரைவரால் ஷார்ட் செய்யும் வித்தை வேண்டாம். 10 கிலோ ஓம், 5 வாட் ரெசிஸ்டர் ஒன்றைக் காப்பிட்ட கம்பிகளோடு முனைகளுக்குக் குறுக்கே அரை நிமிடம் பிடித்தால் போதும். அப்புறம் மல்டிமீட்டரில் டிசி வோல்ட் வைத்து, பூஜ்ஜியத்துக்குப் பக்கத்தில் இருக்கிறதா என்று பார்த்துவிட்டே கை வையுங்கள்.

படி 2. மதிப்பு. எம்எஃப்டி என்றாலும் மைக்ரோஃபாரட் என்றாலும் ஒன்றுதான். ரன் கெபாசிட்டரில், அதாவது மோட்டார் ஓடும் நேரமெல்லாம் சர்க்கியூட்டில் இருக்கும் வகையில், ±5% என்று போட்டிருந்தால், 2.5 என்பது 2.38-லிருந்து 2.62 வரை இருக்கலாம். மீட்டர் 1.8 காட்டினால் தூக்கிப் போடுங்கள். வேகம் கூடட்டும் என்று பெரிய மதிப்பைப் போட்டால் கெபாசிட்டரோடு இணைந்த இரண்டாவது சுருளான துணை வைண்டிங்தான் சூடேறும்.

படி 3. பலர் தடுக்கி விழும் இடம் இது. ரன் கெபாசிட்டரில் 440 என்ற எண்ணோடு ~ என்ற அலைக்குறியோ ஏசி என்றோ இருக்கும். சர்க்கியூட் போர்டில் வரும் எலக்ட்ரோலிட்டிக்கில் (பிளஸ், மைனஸ் உள்ள வகை) 450 என்று மட்டும் இருக்கும், அது டிசி. 450 பெரிய எண்தானே என்று மோட்டாரில் மாட்டிவிடாதீர்கள். 440 வோல்ட் ஏசியின் உச்சம் ஏறத்தாழ 622 வோல்ட். அதைவிட மோசம், ஏசியில் முனைகள் மாறிக்கொண்டே இருக்கும். பிளஸ், மைனஸ் உள்ள கெபாசிட்டர் அதில் சூடாகி, வாயு சேர்ந்து வெடிக்கும்.

மின்சாரம் 230 வோல்ட்தானே, 440 எதற்கு? துணை வைண்டிங்கோடு தொடரில் இருப்பதால் ரன் கெபாசிட்டரின் முனைகளில் மின்வழங்கலைவிட அதிக வோல்ட் ஏறும். அதனால் 250 ஏசி போட்டுச் சமாளிக்க வேண்டாம். 440-க்கு 450 போடலாம், கீழே இறங்கக் கூடாது.

ஸ்டார்ட் கெபாசிட்டர் வேறு ஜாதி. 88-108 மாதிரி ஒரு வீச்சாகவே அச்சிட்டிருக்கும். சில வினாடி உதைத்துவிட்டு சர்க்கியூட்டிலிருந்து விலகுவதற்காகச் செய்தது. ரன் இடத்தில் போட்டால் தாங்காது.

படி 4. போர்டில் உள்ள எலக்ட்ரோலிட்டிக். மைக்ரோஃபாரட் அதேதான், வோல்ட் அதே அல்லது ஒரு படி மேல், அதாவது 16-க்கு 25 சரி. விட்டம், கால் இடைவெளி, உயரம் மூன்றையும் அளந்துகொள்ளுங்கள். 85 டிகிரி வெப்பம் வரை தாங்கும் வகையை நான் வாங்குவதே இல்லை, 105 டிகிரிதான். வெப்பம் 10 டிகிரி குறைந்தால் ஆயுள் ஏறத்தாழ இரட்டிப்பாகும் என்பது நடைமுறைக் கணக்கு. எஸ்எம்பிஎஸ் (ஸ்விட்ச்சிங் பவர் சப்ளை) வெளியீட்டில் குறைந்த ஈஎஸ்ஆர், அதாவது உள்ளே இருக்கும் தடை குறைந்த வகை அவசியம். சாதாரண மல்டிமீட்டர் 1000 மைக்ரோஃபாரட் சரியாகக் காட்டும், ஆனால் ஈஎஸ்ஆர் எகிறியிருக்கும். ஒரே ஒரு கருவி வாங்க முடியும் என்றால் ஈஎஸ்ஆர் மீட்டரையே வாங்குங்கள்.

கெபாசிட்டரின் உடம்பில் உள்ள பட்டை மைனஸ் பக்கம். போர்டில் நிழலிட்ட பாதி பெரும்பாலும் மைனஸ், ஆனால் அதைத் தலைகீழாக அச்சிட்ட போர்டுகளும் உண்டு. கழற்றுமுன் ஒரு படம் எடுத்துவிடுங்கள்.

பின்சேர்க்கை: போர்டில் உள்ள ரிலே (மின்காந்தத்தால் இயங்கும் சுவிட்ச்) டடடவென்று அடிக்கிறது, எலக்ட்ரோலிட்டிக் எல்லாம் மாற்றியும் பயனில்லை என்று சிலர் கேட்டிருந்தார்கள். டிரான்ஸ்ஃபார்மர் இல்லாத போர்டாக இருந்தால், மின்சாரம் நுழையும் இடத்தில் இருக்கும் பெட்டி வடிவ கெபாசிட்டரைக் கழற்றி அளந்து பாருங்கள். 474 என்றால் 47-க்குப் பின் நான்கு பூஜ்ஜியம் பிகோஃபாரட், அதாவது 0.47 மைக்ரோஃபாரட். அது 0.3-க்கு இறங்கியிருந்தால் ரிலேவுக்குக் கரண்ட் போதாது. அங்கே எக்ஸ்2 (மின்வழங்கலில் நேரடியாகப் போடுவதற்கான பாதுகாப்பு வகை) என்று அச்சிட்ட, 275 ஏசி அல்லது அதற்கு மேற்பட்டதைத்தான் போட வேண்டும். 400 வோல்ட் டிசி ஃபிலிம் கெபாசிட்டர் கைவசம் இருந்தாலும் அங்கே வேண்டாம்.