கூடுதல் சம்பளத்தைத் திருப்பிக் கட்டச் சொன்னால் ஆசிரியர்கள் செய்யக் கூடாதவை

தணிக்கையில் ஆட்சேபணை எழுப்பியிருக்கிறார்கள், உங்களுக்கு இத்தனை வருடமாகக் கூடுதலாகச் சம்பளம் போயிருக்கிறது, ரிக்கவரி செய்யப் போகிறோம் என்று ஒரு தாள் வரும். பதற்றத்தில் பல ஆசிரியர்கள் உடனே “தவணையில் பிடித்துக்கொள்ளுங்கள்” என்று எழுதிக் கொடுத்துவிடுகிறார்கள். இதைவிடப் பெரிய தவறு வேறில்லை. சம்பள நிர்ணயம் தவறாகவே இருக்கட்டும். கொடுத்துவிட்ட பணத்தை எப்போது வேண்டுமானாலும் திரும்பப் பிடிக்கலாம் என்று சட்டம் சொல்லவில்லை.

பஞ்சாப் அரசு எதிர் ரஃபீக் மசி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2014 டிசம்பரில் அந்த எல்லையை வரையறுத்தது. அரசுப் பணியின் கீழ்நிலைப் பிரிவுகளான சி, டி பிரிவு ஊழியர்களிடம் பிடிக்கக் கூடாது. ஓய்வு பெற்றவரிடமும், பணத்தைப் பிடிக்கச் சொல்லும் ஆணை வரும் நாளிலிருந்து ஓராண்டுக்குள் ஓய்வு பெறப்போகிறவரிடமும் கூடாது. ஆணைக்கு முன் 5 ஆண்டுகளுக்கு மேல் கூடுதலாகக் கொடுத்துக்கொண்டே இருந்திருந்தாலும் கூடாது. மேல்பதவி வேலையைத் தவறாகக் கொடுத்துச் செய்ய வைத்து, அதற்குரிய சம்பளத்தைக் கொடுத்திருந்தால் அதையும் திரும்பக் கேட்கக் கூடாது. இவற்றில் அடங்காவிட்டாலும், பிடித்தம் அந்த ஊழியருக்கு மிகக் கொடுமையாக இருக்கும் என்று நீதிமன்றம் கருதினால் தடுக்கலாம்.

இதைப் படித்துவிட்டு “தீர்ப்பு இருக்கிறது, இனி யாரும் தொட முடியாது” என்று இருந்துவிடுவது அடுத்த தவறு. ஆசிரியர் என்பதற்காக மட்டும் யாரும் இதற்குள் வந்துவிடுவதில்லை. நீங்கள் எந்தப் பிரிவு என்று முதலில் பாருங்கள். போலிச் சான்றிதழ் கொடுத்தோ உண்மையை மறைத்தோ வாங்கிய பணத்துக்கு இந்தப் பாதுகாப்பு இல்லை. உத்தராகண்ட் ஆசிரியர்கள் சிலர் சண்டி பிரசாத் உனியால் வழக்கில் 2012இல் தோற்றதையும் மறக்கக் கூடாது. அவர்களுடைய ஊதிய நிர்ணய ஆணையிலேயே, தவறு தெரிந்தால் சம்பளத்திலோ ஓய்வூதியத்திலோ பிடிக்கப்படும் என்று ஒரு நிபந்தனை இருந்தது.

அப்படிப்பட்ட ஒரு வரிதான் பலரைக் கவிழ்க்கிறது. புதிய ஊதிய விகிதத்துக்கு விருப்பம் தெரிவிக்கும்போது, கூடுதலாக வாங்கியது தெரியவந்தால் திருப்பித் தருகிறேன் என்ற உறுதிமொழியிலும் கையெழுத்து கேட்பார்கள். எல்லாரும் போடுகிறார்களே என்று நாமும் போட்டுவிடுவோம். ஹரியானாவில் நீதித்துறை அதிகாரி ஒருவர் அப்படிப் போட்டிருந்தார். பணியை விட்டுப் போன பிறகும் அவரிடம் பிடிக்கலாம் என்று ஜக்தேவ் சிங் வழக்கில் 2016இல் தீர்ப்பானது. அதனால் பதில் எழுதும் முன் பணிப்பதிவேட்டின் நகலையும் பழைய விருப்பப் படிவத்தையும் கேட்டு வாங்குங்கள். உறுதிமொழி எதுவும் இல்லையென்றால், ஆணை வந்த பிறகு நீங்களாகப் புதிதாக ஒன்றை எழுதிக் கொடுத்துவிடாதீர்கள்.

அப்புறம், ஊதியத்தைத் திருத்துவதையும் பழைய பணத்தைப் பிடிப்பதையும் குழப்பிக்கொள்கிறார்கள். தவறான நிர்ணயத்தை இனிமேலுக்குச் சரிசெய்ய அரசுக்கு அதிகாரம் உண்டு. நிர்ணயம் உண்மையிலேயே தவறு என்றால் அதை எதிர்த்து மல்லுக்கட்டி வழக்கைப் பலவீனமாக்க வேண்டாம். போன பணத்தைப் பிடிக்காதே என்பதில் உறுதியாக நில்லுங்கள்.

நோட்டீஸ் கொடுக்காமல், விளக்கம் கேட்காமல் நேரே சம்பளத்தில் கைவைத்தால் அதுவே ஆணையை எதிர்க்க ஒரு காரணம். ஆனால் நோட்டீஸ் வந்தும் வாய்மூடி இருந்தால் அந்த வாதம் போய்விடும். கொடுத்த கெடுவுக்குள் எழுத்தில் பதில் கொடுத்து, நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள். தவறு யாருடையது, நீங்கள் எதையும் மறைத்தீர்களா, எத்தனை ஆண்டு ஆகிறது, ஓய்வுக்கு எவ்வளவு காலம் இருக்கிறது, இவை நான்கும் பதிலில் இருக்க வேண்டும். அலுவலகம் உங்கள் பதிலை ஏற்கவில்லையென்றால், ஆணையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம்.

ஓய்வு பெற்றவர்கள், பணிக்கொடையை நிறுத்திவைத்துவிட்டார்களே, இனி என்ன செய்ய முடியும் என்று விட்டுவிடுகிறார்கள். கேரளத்தில் 1999இல் ஓய்வு பெற்ற ஆசிரியர் தாமஸ் டேனியல் விடவில்லை. விடுப்புக் காலத்தைத் தவறாகக் கணக்கிட்டு ஊதிய உயர்வு கொடுத்தது அலுவலகம். அந்தப் பணத்தை அவரிடம் பிடிக்கக் கூடாது என்று 2022 மே மாதம் உச்ச நீதிமன்றம் சொன்னது. சில தவணை பிடித்து முடித்துவிட்டார்கள் என்றாலும் கேட்கலாம். பீகார் ஆசிரியர்களின் சையத் அப்துல் காதிர் வழக்கில், இனிப் பிடிக்காதே என்றதோடு நிற்காமல், பிடித்ததையும் திருப்பிக் கொடு என்று 2008இல் உத்தரவானது. பிடித்தம் காட்டும் சம்பளச் சீட்டுகளை ஒன்றுவிடாமல் எடுத்து வையுங்கள்.