காதைப் பெரிதாக்கினால் யோடா வந்துவிடுமா? சயின்ஸ் ஃபிக்‌ஷன் கேலிச்சித்திரங்களில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பச்சை முகம், இரண்டு பக்கமும் நீண்ட காது, கையில் ஒரு தடி. இவ்வளவு போதும், யார் வரைந்தாலும் அது ஸ்டார் வார்ஸ் படங்களில் வரும் யோடா என்று சொல்லிவிடலாம். சயின்ஸ் ஃபிக்‌ஷன் படப் பாத்திரங்களைக் கேலிச்சித்திரமாக வரையத் தொடங்குபவர்களுக்கு இதுதான் பெரிய வசதி. வில்லங்கமும் இதுதான். ஒரு அரசியல்வாதியையோ கிரிக்கெட் வீரரையோ வரையும்போது 'ஆள் தெரிகிறதா' என்ற பயம் கடைசிவரை கூடவே இருக்கும். அந்தப் பயம்தான் கண்ணை வேலை வாங்கும். அதே படங்களின் வில்லன் டார்த் வேடரிடம் அந்தப் பயத்துக்கே இடமில்லை. கறுப்பு ஹெல்மெட்டைப் போட்ட உடனேயே ஆள் தெரிந்துவிடுகிறது, வேலை முடிந்ததென்று நாமும் பென்சிலை வைத்துவிடுகிறோம். ஆள் தெரிகிறது, சிரிப்புதான் வரவில்லை. கீழே சொல்லப்போகும் தவறுகளில் முக்கால்வாசி இந்த ஒரு சோம்பலிலிருந்து கிளைத்தவை.

ஸ்டார் ட்ரெக்கின் ஸ்போக்கை எடுத்துக்கொள்ளுங்கள். கூரான காதும், கிண்ணத்தைக் கவிழ்த்து வெட்டியது போன்ற முடியும் இருந்தால் போதும், அவர்தான். வரைந்து முடித்ததும் காதையும் முடியையும் ஒரு துண்டுக் காகிதத்தால் மறைத்துவிட்டுப் பாருங்கள். மிச்சமிருப்பது யார்? அவராக நடித்த லியனார்ட் நிமாய்க்கு நீண்ட முகம், கன்னங்களில் மேலிருந்து கீழாக இறங்கும் ஆழமான கோடுகள், மெல்லிய உதடு. அந்த முகம் முழுக்க அசையாமல் நிற்க, ஒரு புருவம் மட்டும் மேலே ஏறும். ஸ்போக்கின் நகைச்சுவை முழுவதும் அந்த அரை அங்குல ஏற்றத்தில்தான் இருக்கிறது. காதை ஒரு முழம் நீட்டுவதைவிட, அந்த ஒற்றைப் புருவத்தை நெற்றியைத் தாண்டி முடிக்குள்ளேயே அனுப்பிவிட்டு, மீதி முகத்தைக் கல்லாக விட்டுப் பாருங்கள். காதை மறைத்தாலும் அப்போது ஸ்போக்தான் தெரிவார்.

ஏற்கெனவே மிகையாக இருப்பதை மேலும் மிகையாக்குவது

யோடாவின் காதைப் பெரிதாக்குவது, ஈ.டி. என்ற வேற்றுக்கிரகவாசியின் கண்ணைப் பெரிதாக்குவது, 'ஏலியன்' படப் பிராணியின் மண்டையை இன்னும் நீட்டுவது: புதிதாக வரைபவர்கள் எல்லோரும் முதலில் கை வைக்கும் இடங்கள் இவை. ஆனால் இவற்றை உருவாக்கியவர்கள் அந்த வேலையை எப்போதோ செய்து முடித்துவிட்டார்கள். 1980-இல் வந்த ஸ்டார் வார்ஸ் படத்துக்காக யோடாவைச் செய்த ஒப்பனைக் கலைஞர் ஸ்டூவர்ட் ஃப்ரீபார்ன், தன் முகத்தையே கண்ணாடியில் பார்த்து வடித்தார். கண்ணைச் சுற்றியுள்ள சுருக்கங்களுக்கு ஐன்ஸ்டைனைப் பார்த்துக்கொண்டார். 1982-இல் ஈ.டி.யை உருவாக்கிய கார்லோ ராம்பால்டிக்கு மாதிரியாகக் கிடைத்த முகங்களில் ஐன்ஸ்டைன், எழுத்தாளர் ஹெமிங்வே, கவிஞர் கார்ல் சாண்ட்பர்க் மூவரும் உண்டு. 1985-இல் 'பேக் டு தி ஃப்யூச்சர்' படத்தில் டாக் பிரவுனாக வந்த கிறிஸ்டோபர் லாய்டும், ஐன்ஸ்டைனையும் இசை நடத்துநர் லியோபோல்ட் ஸ்டோகோவ்ஸ்கியையும் மனதில் வைத்தே அந்தப் பாத்திரத்தைப் பிடித்தார். ஹாலிவுட்டுக்கு அந்தக் காலத்தில் வேறு முகமே கிடைக்கவில்லை போலிருக்கிறது!

இதனால் நமக்கு என்ன லாபம்? யோடா என்பதே ஒரு கேலிச்சித்திரம். அதை இன்னொரு சுற்று ஊதினால் வெறும் பலூன்தான் கிடைக்கும். அதற்குப் பதிலாக அடியில் இருக்கும் மனிதரைத் தேடுங்கள். எல்லாம் தெரிந்த, கொஞ்சம் சிடுசிடுப்பான, சாப்பாட்டுப் பெட்டியைக் கண்டால் குழந்தை மாதிரி கிளறும் ஒரு கிழவர். நாயகன் லூக்கின் பையைக் குடைந்து, ஒரு சின்ன விளக்குக்காகக் குட்டி ரோபோ ஆர்டூவோடு இழுபறி நடத்துவாரே, அந்தக் காட்சியை மறுபடி பாருங்கள். முழு யோடாவும் அதில் இருக்கிறார். காதை அப்படியே விட்டுவிட்டு, கண்ணைப் பாதி மூடி, உதட்டை அந்தப் பிடிவாதத்தில் இறுக்கினாலே போதும். காதைச் சற்றுச் சிறிதாக்கினாலும் தப்பில்லை. பார்ப்பவரின் பார்வை அப்போதுதான் முகத்துக்கு வரும்.

சிறிதாக்குவதும் மிகைதான் என்பது பலருக்குப் பிடிபடுவதில்லை. 1980-களின் தொடக்கத்தில் சூசன் பிரென்னன் என்பவர் கேலிச்சித்திரம் வரையும் ஒரு கணினி நிரலை எழுதினார். ஒரு முகத்தைச் சராசரி முகத்தோடு ஒப்பிட்டு, எங்கெங்கே வித்தியாசம் இருக்கிறதோ அங்கே மட்டும் அந்த வித்தியாசத்தை வளர்க்கும் நிரல் அது. சராசரியைவிடச் சின்ன மூக்கு என்றால் இன்னும் சின்னதாகும். 1987-இல் கில்லியன் ரோட்ஸ், சூசன் கேரி ஆகியோருடன் அவர் நடத்திய ஆய்வில், அப்படி மிகைப்படுத்திய கோட்டுச் சித்திரங்களை, முகத்தை உள்ளது உள்ளபடி வரைந்த கோட்டுச் சித்திரங்களைவிட வேகமாக மக்கள் அடையாளம் கண்டார்கள். ஆக, பென்சிலை எடுப்பதற்கு முன் கேட்க வேண்டியது 'எது பெரிசு' என்று அல்ல. 'மற்றவர்களிடமிருந்து எது வேறு' என்று.

எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் பெரிதாக்குவதும் இந்த வகைதான். மூக்கும் பெரிது, தாடையும் பெரிது, காதும் பெரிது என்றால் எதுவும் பெரிதில்லை, படத்தை ஜூம் செய்த கதைதான். ஒன்றை வளர்த்தால் இன்னொன்று இடம் விட வேண்டும். 1984 டெர்மினேட்டரில் அர்னால்ட் ஷ்வார்ஸ்நெக்கரின் தாடைக்கு இடம் வேண்டுமென்றால் நெற்றியைக் குறைக்கத்தான் வேண்டும். அவரை வரைபவர்கள் கூலிங்கிளாஸையே கட்டிக்கொண்டு அழுவார்கள். ஆனால் படத்தில் அந்தக் கண்ணாடி பாதிக்கு மேல்தான் வருகிறது, பழுதான கண்ணை மறைக்க. அதற்குள் தீயில் புருவமும் கருகிப் போயிருக்கும். புருவமில்லாத அர்னால்ட்! கேலிச்சித்திரக்காரருக்கு இதைவிடப் பெரிய விருந்து உண்டா? யாரும் தொடுவதில்லை, ஏனென்றால் போஸ்டரில் அது இல்லை.

ஒருவரைத் தனியாக நிறுத்துவது

தனி ஆளாக வரையும்போது எதோடு ஒப்பிட்டு மிகைப்படுத்துவது என்றே தெரியாமல் போகும். ஜோடியாக வரைந்து பழகினால் இது தானாகச் சரியாகும். 'பேக் டு தி ஃப்யூச்சர்' படத்தில் மார்ட்டியாக நடித்த மைக்கேல் ஜே. ஃபாக்ஸ் குள்ளமானவர், லாய்ட் நெடியவர். இருவரும் நெருக்கமாக ஒரே ஃப்ரேமில் வர வேண்டுமே என்று லாய்ட் முதுகை வளைத்து நடித்தார். அந்தக் கூன் பிறகு டாக் பிரவுனின் அடையாளமாகவே ஆகிவிட்டது. பறக்கும் வெள்ளை முடியை எல்லோரும் வரைகிறார்கள். மார்ட்டியின் காதருகே குனிந்து, கழுத்தை நீட்டி, கண் பிதுங்க ஏதோ சொல்லும் அந்த வளைவை வரைந்தால் முடியே தேவைப்படாது. இரண்டாம் டெர்மினேட்டரிலும் இப்படித்தான். அகலமான அர்னால்டுக்கு எதிரே, திரவ உலோகமாக உருமாறும் வில்லனாக ஒல்லியான ராபர்ட் பேட்ரிக். ஓடும்போதுகூட வாயைத் திறக்காமல் மூக்கால் மட்டும் மூச்சு விட்டுப் பழகியவர் அவர். தலைதெறிக்க ஓடும் உடம்பு, சீட்டு விளையாடுகிற மாதிரி அமைதியான முகம். இந்த முரண் ஒன்று போதும், பாதரச உருமாற்றமெல்லாம் அப்புறம்.

முகமூடிக்கு முகமில்லை என்று நினைப்பது

வேடருக்கு வருவோம். அவருக்கு உடம்பு கொடுத்தவர் 6 அடி 6 அங்குல உயரமுள்ள டேவிட் ப்ரௌஸ். குரல் ஜேம்ஸ் எர்ல் ஜோன்ஸுடையது. 1983-இல் முகமூடியைக் கழற்றியபோது தெரிந்த முகம் செபாஸ்டியன் ஷாவுடையது. மூன்று பேரைச் சேர்த்துச் செய்த ஒரு ஆள். இதில் எந்த நடிகரின் முகத்தையும் பிடித்துப் பயனில்லை. ஹெல்மெட்டை நுணுக்கமாக, ஒவ்வொரு கம்பியாகப் பளபளவென்று வரைவதும் வீண். அது பொம்மைக் கடைப் படமாகத்தான் முடியும்.

முகமூடி அசையாது, சரி. ஆனால் தலை சாயும், கை நீளும், இடுப்பில் கட்டைவிரல் ஏறும், துணி பறக்கும். இடுப்புப் பட்டையில் கையைக் கொடுத்துக்கொண்டு நிற்கும் அந்தத் தோரணையைக் கவனியுங்கள், கறாரான மேலதிகாரி ஒருவர் உங்களுக்கே நினைவுக்கு வருவார். தோளை இரண்டு மடங்கு அகலமாக்கி, காலைச் சுருக்கி, தலையை ஒரு விரற்கடை சாய்த்தால் அதட்டல் வந்துவிடும். அந்த மூச்சுச் சத்தம் வேறு இருக்கிறது. ஒலி வடிவமைப்பாளர் பென் பர்ட், நீருக்குள் மூழ்கி நீந்துபவர்கள் பயன்படுத்தும் சுவாசக் கருவிக்குள் மைக் வைத்துப் பதிவு செய்தது அது. அதைப் படத்தில் எப்படிக் கொண்டுவருவது என்று யோசித்தாலே நாலைந்து நகைச்சுவை கிடைக்கும். இன்னொரு சின்ன விஷயம். 1977 படத்துக்காகக் கையால் வடித்த அந்த ஹெல்மெட் இரண்டு பக்கமும் ஒரே மாதிரி இருக்காது. கணினியில் பாதியை வரைந்து மறுபக்கம் திருப்பி ஒட்டுபவர்களின் வேடர் செத்துப்போய் நிற்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

ஏலியனிடம் நடப்பது இதற்கு நேர்மாறு. ஓவியர் எச்.ஆர். கிகரின் வடிவமைப்பில் அதற்குக் கண்ணே கிடையாது, பயமே அதில்தான். சிரிப்பு வர வேண்டுமே என்று இரண்டு முட்டைக் கண் வைத்துவிடுகிறார்கள். அதோடு அது வேறு ஏதோ பூச்சி ஆகிவிடுகிறது. கண்ணில்லாமலே சிரிக்க வைக்கத்தான் சாமர்த்தியம் வேண்டும்: பல்லுக்குள் இன்னொரு பல்வரிசை இருக்கிறதே, பல் டாக்டரிடம் அனுப்பலாம். 1979-இல் அந்த உடைக்குள் இருந்த நைஜீரியரான போலாஜி படேஜோ ஏறக்குறைய 7 அடி உயரம். அந்தக் கைகால் நீளம்தான் உங்கள் கருவி.

லிக்விஃபை என்னும் குறுக்குவழி

போஸ்டரையோ ஒரு ஸ்டில்லையோ டேப்லெட்டில் ஏற்றி, படத்தை ரப்பர் போல வளைக்கும் லிக்விஃபை கருவியில் அங்கே இழுத்து இங்கே அமுக்கினால் ஐந்து நிமிடத்தில் ஒன்று கிடைக்கும்தான். பார்த்தவுடன் தெரியும், இழுத்த படம் என்று. ரப்பர் இழுபடும், ஆனால் யோசிக்காது. போஸ்டர் முகம் எப்போதும் பாத்திரத்தின் மிக அழகான, மிக உயிரற்ற முகம். படத்தை ஓடவிட்டு, நிறுத்தி, முன்பக்கம், பக்கவாட்டு, கீழிருந்து என்று ஐந்தாறு சின்ன ஸ்கெட்ச் போட்டுப் பார்த்துவிட்டு, பிறகு படத்தை மூடிவைத்து நினைவிலிருந்து வரையுங்கள். நினைவில் தங்கியதுதான் மிகைப்படுத்த வேண்டியது. ஷேடிங்கை அதற்குமுன் தொடவே தொடாதீர்கள். அவுட்லைனில் இல்லாத சிரிப்பு ஷேடிங்கில் வராது.

நம்மூர் சிட்டியிடம் வேறு ஒரு சிக்கல் உண்டு. 2010-இல் வந்த எந்திரனில் வசீகரன், சிட்டி, வில்லன் சிட்டி மூவருக்கும் ஒரே முகம். கைப்பழக்கம் ரஜினியை வரைந்துவிடும், அது சிட்டி ஆகாது. நெற்றியில் விழும் முடி, விரல் சொடுக்கு, சிகரெட் ஸ்டைல் எல்லாம் ரஜினியுடையவை. நல்ல சிட்டியிடம் அது எதுவும் இருக்கக் கூடாது. மொழுமொழுவென்ற முகம், நேரான முதுகு, சொன்னதை அப்படியே செய்யும் அப்பாவித்தனம். தாடியும் களைப்புமாக வசீகரன். ஆட்டைப் போல 'மே' என்று கத்திக்கொண்டு வாய் காதுவரை கிழியும் வில்லன். மூவரையும் ஒரே தாளில் பக்கத்தில் பக்கத்தில் வரைந்து பாருங்கள். சட்டையை மாற்றாமலே யார் யார் என்று தெரிந்தால் நீங்கள் தேறிவிட்டீர்கள்.

உடலைக் கேலி செய்வது பற்றி அதிகம் பேச வேண்டியதில்லை. ஆர்டூவுக்குள் இருந்த கென்னி பேக்கர் 3 அடி 8 அங்குலம், ஸ்டார் வார்ஸின் உடல் முழுக்க முடி மூடிய ச்யூபாக்காவாக வந்த பீட்டர் மேஹ்யூ 7 அடிக்கு மேல். அவர்கள் அந்த உடலோடு செய்த நடிப்பை வரையலாம், அந்த உடலையே நகைச்சுவையாக ஆக்கினால் பார்ப்பவருக்குக் கூசும். வயதான நடிகைகளின் சுருக்கத்தை மட்டும் தேடித் தேடி வரைபவர்களுக்கும் இதே பதில்தான். அதேபோல, ஒரு படத்துக்குள் பத்து வசனம், ஐந்து பொருள், மூலையில் ஒரு விண்கலம் என்று திணிப்பவர்களுக்குத் தாங்கள் வரைந்த முகத்தின்மேலேயே நம்பிக்கை இல்லை என்று அர்த்தம்.

கடைசியாக விற்பனை. அமெரிக்க நகைச்சுவை இதழான மேட், 1980 ஸ்டார் வார்ஸ் படத்தைப் பகடி செய்து ஒரு தொகுப்பு வெளியிட்டது. வரைந்தவர் மோர்ட் ட்ரக்கர். ஸ்டார் வார்ஸை எடுத்த லூகாஸ் நிறுவனத்தின் வக்கீல்களிடமிருந்து இதழ்களைத் திரும்பப் பெறச் சொல்லிக் கடிதம் வந்தது. அதே பகடியைப் படித்து ரசித்துவிட்டு ஜார்ஜ் லூகாஸும் தனியாக ஒரு பாராட்டுக் கடிதம் அனுப்பியிருந்தார். மேட் அதன் நகலை வக்கீல்களுக்கு அனுப்பிவைத்தது, அதோடு அந்தப் பேச்சு முடிந்தது. ட்ரக்கருக்கு இருந்த இந்த அதிர்ஷ்டம் டி-ஷர்ட் அச்சடிக்கும் எல்லோருக்கும் வாய்க்காது. அமெரிக்கச் சட்டம் பகடிக்கு ஓரளவு இடம் தருகிறது. இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு விமர்சனத்தைச் சொல்கிறது, பகடியைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுவதில்லை. நண்பர்களுக்குக் காட்டுவது வேறு, குவளையில் அச்சடித்துக் கடை போடுவது வேறு. கடை போடுவதாக இருந்தால் முதலில் தெரிந்த வக்கீல் ஒருவரிடம் கேட்டுவிடுங்கள். லோகோவையும் படத்தின் பெயர் எழுத்துருவையும் அப்படியே எடுத்து ஒட்டாதீர்கள். நிறுவனங்களின் கண்ணில் முதலில் படுவது அதுதான்.