நாட்டார் பாடலை ஃபோக் ராக் ஆக்கும் முறை: மெட்டு முதல் உரிமைக் குறிப்பு வரை

பழைய நாட்டார் பாடலொன்றை மின் கிட்டாரோடும் டிரம்ஸோடும் பாட விரும்புகிறவர்கள் பெரும்பாலும் முதல் வேலையாக ஒரு தாளத்தைப் போட்டுவிட்டு, அதற்குள் பாட்டைத் திணிக்கப் பார்க்கிறார்கள். அதனால் கிடைப்பது சத்தம் கூடிய நாட்டார் பாடல்தான். அது, நாட்டார் பாடலும் ராக் இசையும் ஒன்றாகக் கலந்த ஃபோக் ராக் ஆகிவிடாது. இவ்வகை இசை உருப்பெற்ற 1964 முதல் 1969 வரையிலான நல்ல பதிவுகளை ஊன்றிக் கேட்டால், அவற்றில் தாளமும் கருவியும் பாட்டுக்குள்ளிருந்தே கண்டெடுக்கப்பட்டிருப்பது புலப்படும். அந்தப் பதிவுகளையே பாடமாக வைத்துக்கொண்டு, வேலையை எங்கே தொடங்குவது, எதைத் தொடக்கூடாது, யார் பெயரை எங்கே எழுதுவது என்பதைக் கீழே விளக்குகிறேன்.

கிட்டாரைக் கையில் எடுக்கும் முன், தேர்ந்துகொண்ட பாடலின் பழைய பதிவுகளில் குறைந்தது மூன்றையாவது தேடிக் கேட்க வேண்டும். ‘தி ஹவுஸ் ஆஃப் தி ரைசிங் சன்’ என்ற அமெரிக்க நாட்டார் பாடலை எடுத்துக்கொள்வோம். அதன் மிகப் பழைய ஒலிப்பதிவாக அறியப்படுவது 1933இல் கிளாரன்ஸ் ஆஷ்லியும் க்வென் ஃபாஸ்டரும் பாடியது. 1937இல் கென்டக்கி மாநிலத்தின் மிடில்ஸ்பரோ ஊரில், 16 வயதான ஜார்ஜியா டர்னர் பாடியதை நாட்டார் பாடல் சேகரிப்பாளர் ஆலன் லோமாக்ஸ் பதிவு செய்தார். பின்னர் நியூயார்க்கில் டேவ் வான் ராங்க் என்ற நாட்டார் பாடகர், பேஸ் எனப்படும் அடிச்சுரங்கள் அரையரைச் சுரமாக இறங்கிவரும்படி கார்டுகளை, அதாவது ஒருசேர ஒலிக்கும் சுரக்கூட்டங்களை, மாற்றியமைத்தார். பாடகர் பாப் டிலன் அந்த அமைப்பை எடுத்துத் தமது 1962ஆம் ஆண்டு இசைத்தட்டில் பாடினார். 1964 மே 18 அன்று, இங்கிலாந்தின் தி அனிமல்ஸ் குழு லண்டனில் ஒரே டேக்கில் அதைப் பதிவு செய்தது. இப்படிக் கிடைக்கும் ஒவ்வொரு வடிவத்துக்கும் ஒரு தாளை ஒதுக்கி, மெட்டு, சொற்கள், கார்டு வரிசை ஆகிய மூன்றையும் தனித்தனியே எழுதி வைக்க வேண்டும். மெட்டும் சொற்களும் பொதுச்சொத்தாக இருக்கலாம்; கார்டு வரிசையோ அநேகமாக யாரோ ஒருவருடைய உழைப்பு. இந்த வேறுபாட்டைத் தொடக்கத்திலேயே குறித்துக்கொள்ளாதவர்கள், எது பாட்டி காலத்துச் சொத்து, எது நேற்று ஒருவர் சேர்த்தது என்று தெரியாமல் பிறகு திண்டாடுகிறார்கள்.

அடுத்தது தாளம். கருவி எதுவும் இல்லாமல், நடந்துகொண்டே பாட்டைப் பத்து முறை பாடிப் பார்க்க வேண்டும். காலடி எந்தச் சொல்லில் தானாக விழுகிறதோ அங்கேதான் அழுத்தம் இருக்கிறது. அனிமல்ஸ் குழு அந்தப் பாடலை 6/8 தாளத்தில், நம் திஸ்ர நடையைப் போன்ற உருளலோடு வாசித்தது. ஊஞ்சல் போல ஆடும் அந்த ஓட்டத்தில் சொற்கள் இழுபடுவதற்கு இடம் கிடைக்கிறது. அமெரிக்காவின் பேர்ட்ஸ் குழு 1965 ஜனவரி 20 அன்று பதிவு செய்த ‘மிஸ்டர் டாம்பரின் மேன்’ பாடலின் கதை வேறு. டிலனின் மூல வடிவத்தில் 2/4ஆக இருந்த தாளத்தை, ஆடுவதற்கு ஏற்ற 4/4ஆக மாற்றினார்கள். ஆனால் பல்லவியின் மெட்டை அடையாளம் மாறாமல் விட்டுவைத்தார்கள். தாளத்தை மாற்றுவதில் தவறில்லை. தாளத்தையும் மெட்டையும் ஒருசேர மாற்றினால், கேட்பவருக்குப் பிடித்துக்கொள்ள எதுவும் மிஞ்சாது.

இனி, பாட்டைத் தாங்கும் ஒரு கருவி வரிசை வேண்டும். இந்த வேலையில் அதிக நேரம் செலவழிக்க வேண்டிய இடம் இதுவே என்பது என் கருத்து. அனிமல்ஸ் பதிவின் முதல் சில நொடிகளை மட்டும் திரும்பத் திரும்பக் கேளுங்கள். ஹில்டன் வாலன்டைனின் மின் கிட்டார் ஏ மைனர், சி, டி, எஃப் என்று ஏறிச் செல்கிறது. கார்டுகளை ஒரே வீச்சில் அடிக்காமல், தடித்த தந்தியிலிருந்து மெல்லிய தந்திவரை ஒவ்வொன்றாக மீட்டி, உச்சியைத் தொட்டுத் திரும்புகிறது. ஏ சுரத்தை ஷட்ஜமாகக் கொண்டால், டி கார்டில் ஒலிக்கும் சதுச்ருதி தைவதம், அடுத்த கார்டான எஃப்பில் சுத்த தைவதமாக இறங்கிவிடுகிறது. அடிச்சுரங்கள் மேலே ஏறிக்கொண்டிருக்கும்போதே உள்ளே ஒரு சுரம் அரைப்படி சறுக்குவதால்தான் அந்த இடம் மனத்தைப் பிசைகிறது. கிட்டார் வைத்திருப்பவர்கள் அந்த இரு கார்டுகளை மட்டும் மாற்றி மாற்றி மெதுவாக மீட்டிப் பார்த்தால், நான் சொல்வது விரலுக்கே விளங்கும். உங்கள் பாடலிலும் இப்படிப்பட்ட ஒரு சறுக்கலையோ ஏற்றத்தையோ தேடி, அதை வெளிக்கொணரும் மீட்டல் முறையொன்றை அமைத்துக்கொள்ள வேண்டும். பேர்ட்ஸ் குழுவின் ரோஜர் மெக்குவின் இதே தேவையை 12 தந்தி கொண்ட ரிக்கன்பேக்கர் மின் கிட்டாரின் மணியோசையால் நிறைவேற்றிக்கொண்டார். எந்தக் கருவி என்பது இரண்டாம்பட்சம். குரல் வருவதற்கு முன்பே பாடலை அடையாளம் காட்டுகிறதா என்று மட்டும் பார்த்தால் போதும்.

நீளத்தைப் பற்றிப் பொது விதி எதுவும் இல்லை. பேர்ட்ஸ் குழு நான்கு சரணங்கள் கொண்ட பாடலிலிருந்து ஒரே ஒரு சரணத்தை மட்டும் வைத்துக்கொண்டு, ஏறத்தாழ இரண்டரை நிமிடத்தில் முடித்தது. மாறாக, ஃபேர்போர்ட் கன்வென்ஷன் குழு 1969இல் ‘மாட்டி க்ரோவ்ஸ்’ என்ற பழைய கதைப்பாடலை எடுத்தபோது, கொலையில் முடியும் அந்தக் கதையை முழுவதுமாகப் பாடி, அதன் பின் நீண்ட கருவியிசையையும் சேர்த்து எட்டு நிமிடம் வரை கொண்டுசென்றது. பல்லவியின் பலத்தில் நிற்கும் பாடலைச் சுருக்கலாம். கதையின் பலத்தில் நிற்கும் பாடலில் ஒரு சரணத்தை உருவினாலும், யார் யாரைக் கொன்றார் என்பதே குழம்பிவிடும்.

சொற்களை மாற்ற நேர்ந்தால் விளைவுகளையும் கடைசிவரை தொடர வேண்டும். டர்னரின் பாட்டில் கெட்டழிந்து புலம்புபவள் ஒரு பெண். டிலனும் பெண்ணின் கூற்றாகவே பாடினார். அனிமல்ஸ் குழு அதை ஓர் ஆணின் கூற்றாக்கியபோது, வீழ்ச்சிக்கான காரணம் சூதாட்டத்தின் பக்கம் சாய்ந்தது. பாடுபவர் மாறினால் குற்றம் மாறும், ஊரார் பார்வை மாறும் என்பதால், ஒரு பிரதிப்பெயரை மாற்றிவிட்டு மற்றவற்றை அப்படியே விட்டுவிட முடியாது.

டிரம்ஸ் எப்போது நுழைய வேண்டும் என்பதற்கு ‘தி சவுண்ட் ஆஃப் சைலன்ஸ்’ பாடலின் இரு வடிவங்களையும் அடுத்தடுத்துக் கேட்பது சிறந்த பயிற்சி. 1964இல் பால் சைமன், ஆர்ட் கார்ஃபங்கல் என்ற அமெரிக்க இருவர் குழு பதிவு செய்த வடிவம் குரலும் மரக் கிட்டாரும் மட்டுமே கொண்டது. அது இடம்பெற்ற இசைத்தட்டு சரியாக விற்கவில்லை. தயாரிப்பாளர் டாம் வில்சன் 1965 ஜூன் 15 அன்று, அவ்விருவருக்கும் தெரியாமலே, அதே ஒலிநாடாவின் மேல் மின் கிட்டார், பேஸ், டிரம்ஸ் ஆகியவற்றைச் சேர்த்தார். 1966 ஜனவரியில் அந்த வடிவம் அமெரிக்கப் பட்டியலில் முதலிடத்துக்கு வந்தது. அதில் முதல் சரணம் பெரும்பாலும் பழைய அடக்கத்தோடு நகர, இரண்டாம் சரணம் தொடங்குமிடத்தில்தான் டிரம்ஸ் வந்து இறங்குகிறது. ஒரு சரணம் காத்திருந்ததுதான் அந்த இறக்கத்தின் வலிமை.

ஆனால் அதன் செய்முறையை அப்படியே பின்பற்றுவது ஆபத்து. மூலப் பதிவில் காலப்பிரமாணம் சீராக இல்லாததால், பின்னர் வாசித்த தேர்ந்த கலைஞர்களே குரலைத் துரத்திப் பிடிக்க வேண்டியிருந்தது. காலப்பிரமாணத்தைச் சீராகத் தட்டிக்காட்டும் மெட்ரோனோம் இல்லாமல் பாடிய ஒரு பாட்டின் மேல் கணினித் தாளத்தை ஒட்டிப் பார்த்து, இரண்டாம் சரணத்துக்குள் இரண்டும் இரு திசையில் போனதை நானும் அனுபவித்திருக்கிறேன். எல்லோரும் ஒரே அறையில் ஒன்றாக வாசிப்பது நல்லது. முடியாவிட்டால், மெட்ரோனோமைக் காதில் வைத்துக்கொண்டு குரலையும் கிட்டாரையும் முதலில் பதிவு செய்துகொள்ள வேண்டும்.

பாடகரின் சுருதியையும் பாட்டின் தொடக்கத்தை மட்டும் பார்த்து முடிவு செய்யக்கூடாது. அனிமல்ஸ் பதிவில் பாடகர் எரிக் பர்டன் கீழ்ஸ்தாயியில் முணுமுணுப்பது போலத் தொடங்கி, பாதிக்குப் பிறகு மேல்ஸ்தாயிக்குத் தாவுகிறார். அந்த உச்சத்தில் குரல் உடையாமல் கரகரக்கும் இடம் எதுவோ, அதைக் கொண்டே கட்டையைத் தீர்மானிக்க வேண்டும்.

பதிவு முடிந்த அன்றே செய்ய வேண்டிய வேலை ஒன்று மீதமிருக்கிறது. அனிமல்ஸ் இசைத்தட்டில் ‘மரபுப் பாடல்; இசைக்கோப்பு ஆலன் பிரைஸ்’ என்ற பொருளில் குழுவில் ஒருவர் பெயர் மட்டுமே அச்சாயிற்று. ஐவர் பெயருக்கும் இடமில்லை என்பது அப்போது சொல்லப்பட்ட காரணம். இசைக்கோப்புக்கான ராயல்டி அவர் ஒருவருக்கே சென்றதால் எழுந்த மனக்கசப்பு, குழுவினரிடையே பல பத்தாண்டுகள் நீடித்தது. 1966இல் சைமன் வெளியிட்ட ‘ஸ்கார்பரோ ஃபேர்’ வடிவமும் மார்ட்டின் கார்த்தி என்ற ஆங்கில நாட்டார் பாடகரிடம் கற்றதே. தட்டில் அவர் பெயர் இல்லாததால் உண்டான விலகல் தீர்ந்து, இருவரும் ஒரே மேடையில் அதைப் பாடியது 2000ஆம் ஆண்டில்தான். இதில் சிரிப்பதற்கும் ஒன்று உண்டு: டிலனைப் பார்த்துப் பாடுவதாக மக்கள் நினைத்ததால் ‘ரைசிங் சன்’ பாடுவதைத் தாம் நிறுத்தியதாகவும், பிற்பாடு அனிமல்ஸைப் பார்த்துப் பாடுவதாகச் சொல்லப்பட்டதால் டிலனும் நிறுத்தியதாகவும் வான் ராங்க் சொல்லியிருக்கிறார்.

ஆகவே முதலில் தயாரித்த தாள்களை மீண்டும் எடுத்து, ஒரே பக்கத்தில் ஐந்து செய்திகளை எழுதுங்கள்: மெட்டை எந்தப் பாடகரின் எந்த ஆண்டுப் பதிவிலிருந்து கற்றீர்கள், சொற்களில் நீங்கள் மாற்றியவை எவை, கார்டு வரிசை யாருடையது, தொடக்க மீட்டலை அமைத்தவர் யார், ராயல்டியை யார் யார் எந்த விகிதத்தில் பகிர்கிறீர்கள். வாசித்த அனைவரும் தேதியிட்டுக் கையெழுத்திட்ட பிறகு, ஆளுக்கொரு படி கொடுத்துவிட்டு ஒலிக்கலவைக்குப் போகலாம்.